இலவச கேம் கீ தேடுகிறீர்களா? கிளிக் செய்வதற்கு முன் இதைப் பாருங்கள்

கேம் பெயரோடு 'ஃப்ரீ ஆக்டிவேஷன் கீ' என்று சேர்த்துத் தேடினால் பக்கம் பக்கமாக வந்து விழும். ஆனால் ஸ்டீம் மாதிரி கேம் விற்கும் தளங்களில், கேமைத் திறக்கும் குறியீடான கீ செல்லுமா செல்லாதா என்று முடிவு செய்வது அவர்களுடைய சர்வர்தான், அங்கே பதிவாகாத கீயை எந்த 'கீ ஜெனரேட்டர்' தந்தாலும் அது வேலைக்கு ஆகாது. அப்படியென்றால் அந்த மென்பொருள் உங்கள் கணினியில் வேறு எதற்காக ஓடுகிறது?

முதலில், பக்கம் என்ன கேட்கிறது என்று பாருங்கள். கீயில் பாதியைக் காட்டி மீதியை மறைத்துவிட்டு, நீங்கள் மனிதர்தான் என்று நிரூபிக்க சர்வே நிரப்பு, ஆப் இறக்கு, மொபைல் எண் கொடு என்றால் உடனே மூடிவிடுங்கள். கீ வரவே வராது, கமிஷன் மட்டும் அவர்களுக்குப் போகும்.

அடுத்தது டவுன்லோட், இங்கேதான் ரொம்பக் கவனம் வேண்டும். ஜிப் ஃபைலுக்கு பாஸ்வேர்டு போட்டு, அதை டவுன்லோட் லிங்க் தரும் வீடியோவுக்குக் கீழேயே எழுதியும் வைத்திருப்பார்கள். எல்லோருக்கும் சொல்லிவிடுகிற பாஸ்வேர்டு எதற்கு? ஆன்டிவைரஸ் உள்ளே எட்டிப் பார்க்கக் கூடாது என்பதற்குத்தான். கூடவே 'டிஃபெண்டரை (விண்டோஸோடு வரும் ஆன்டிவைரஸ்) ஆஃப் செய்யுங்கள்' என்றும் இருந்தால் அந்த ஃபைலைத் திறக்கவே திறக்காதீர்கள். ரெட்லைன் போன்ற திருட்டு மென்பொருள்கள் பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளோடு, நீங்கள் லாகின் செய்திருப்பதைத் தளம் அடையாளம் காண உதவும் சிறு தகவல்களான குக்கீகளையும் அள்ளிக்கொண்டு போகும். குக்கீ போனால் நீங்கள் ஏற்கெனவே லாகின் செய்த கணக்குக்குள் அவர்கள் அப்படியே நுழைந்துவிடலாம், ஓடிபி கூடக் கேட்காது. கிராக் செய்த (பாதுகாப்பை உடைத்துத் திருட்டுத்தனமாகப் பரப்பும்) கேம்களில் ஒளிந்து வந்த 'கிராக்கனோஷ்' என்ற தீய மென்பொருள் பற்றி 2021இல் ஆன்டிவைரஸ் நிறுவனமான அவாஸ்ட் எழுதியது: அது டிஃபெண்டரை முடக்கிவிட்டு, அடுத்தவர் கணினியின் சக்தியைப் பயன்படுத்தி மொனேரோ என்ற கிரிப்டோ நாணயத்தை மைனிங் செய்து (உருவாக்கி) சம்பாதித்துக்கொண்டிருந்தது.

காசு இல்லாமல் விளையாட நேர்வழியும் இருக்கிறது. எபிக் கேம்ஸ் ஸ்டோர் வாராவாரம் இலவச கேம் தருகிறது, ஸ்டீமிலும் இலவச கேம்கள் நிறைய.

சரி, அப்படிப்பட்ட ஃபைலை ஏற்கெனவே ஓட்டிவிட்டீர்களா? இணையத்தைத் துண்டியுங்கள். அப்புறம் வேறொரு சுத்தமான கருவியிலிருந்து முதலில் மின்னஞ்சல் பாஸ்வேர்டை மாற்றி, எல்லாக் கருவிகளிலிருந்தும் லாக் அவுட் செய்யுங்கள். மற்ற கணக்குகளை மீட்கும் வழியே அந்த மின்னஞ்சல்தான். பிறகு வங்கி, கேம் கணக்குகள். கடைசியாக விண்டோஸைப் புதிதாகப் போடுங்கள். பேக்கப்பில் படங்கள், ஆவணங்கள் மட்டும் இருக்கட்டும், பழைய இன்ஸ்டாலர் ஒன்றைக்கூட எடுத்து வைக்காதீர்கள்.