மாற்றியமைத்த பி.எஸ்.பி.யில் விளையாட்டுகளையும் ஹோம்ப்ரூ மென்பொருள்களையும் சேர்ப்பது எப்படி?

சோனி நிறுவனம் 2004 டிசம்பரில் ஜப்பானில் வெளியிட்ட பி.எஸ்.பி. (பிளேஸ்டேஷன் போர்ட்டபிள்) என்ற கையடக்க விளையாட்டுக் கருவியில், கஸ்டம் ஃபர்ம்வேரை, அதாவது ஆர்வலர்கள் மாற்றியமைத்த இயக்க மென்பொருளை, ஏற்றியவுடன், பலரும் அடுத்துத் தேடுவது "இன்ஸ்டால்" என்ற பொத்தானைத்தான். அப்படி ஒரு பொத்தான் இக்கருவியில் கிடையாது. கருவியின் சேமிப்புக் கார்டான மெமரி ஸ்டிக்கில் எந்தக் கோப்பு எந்தக் கோப்புறைக்குள் இருக்கிறது என்பதைப் பார்த்தே கருவி அதை விளையாட்டு என்றோ மென்பொருள் என்றோ அடையாளம் காண்கிறது. ஆகவே இங்கே நிறுவுவது என்பது சரியான கோப்பைச் சரியான இடத்தில் வைப்பது மட்டுமே. "காப்பி செய்தேன், ஆனால் ஓடவில்லை" என்று சொல்பவர்களின் கார்டைத் திறந்து பார்த்தால், பெரும்பாலும் கோப்பு ஒரு படி மேலேயோ ஒரு படி கீழேயோ இருப்பது தெரியவரும்.

கோப்புகளைத் தொடுவதற்கு முன் கஸ்டம் ஃபர்ம்வேர் இப்போது இயங்குகிறதா என்பதை உறுதி செய்துகொள்ளுங்கள். செட்டிங்ஸ் பகுதியில் சிஸ்டம் செட்டிங்ஸ், அதனுள் சிஸ்டம் இன்ஃபர்மேஷன் என்று சென்றால் பதிப்பு எண் தெரியும். வெறும் 6.60 என்றோ, 2015இல் வந்த கடைசிப் பதிப்பான 6.61 என்றோ மட்டும் இருந்தால், கருவி சோனியின் மூல மென்பொருளில்தான் இயங்குகிறது என்று கொள்ளலாம். எண்ணுக்குப் பின்னால் ப்ரோ, எம்.ஈ., ஆர்க் போன்ற பெயர் ஒன்று சேர்ந்திருந்தால் மாற்று மென்பொருள் விழித்திருக்கிறது. பல கருவிகளில் இந்த மாற்றம் தற்காலிகமானது. பவர் சுவிட்சை ஒருமுறை தள்ளிவிட்டால் கருவி உறங்கும், மாற்றம் அப்படியே இருக்கும். ஆனால் அதையே சில நொடிகள் பிடித்து முழுவதுமாக அணைத்தாலோ, பேட்டரியைக் கழற்றினாலோ மாற்றம் போய்விடும். அப்போது கேம் பகுதியில், மெமரி ஸ்டிக்கின் கீழ் இருக்கும் ஃபாஸ்ட் ரெக்கவரி அல்லது அதைப் போன்ற தொடக்க நிரலை மறுபடியும் ஓட்ட வேண்டும். இன்ஃபினிட்டி என்ற நிரலின் வழியாக மாற்றத்தை நிலைப்படுத்தியவர்களுக்கு இந்தத் தொல்லை இல்லை.

அடுத்தது கார்டு. அசல் மெமரி ஸ்டிக் ப்ரோ டுவோ இப்போது அரிதாகிவிட்டதால், மைக்ரோ எஸ்.டி. கார்டை அடாப்டரில் செருகிப் பயன்படுத்துவதே பொது வழக்கம். இதில் கவனிக்க வேண்டியவை இரண்டு. 64 ஜி.பி. முதலான மைக்ரோ எஸ்.டி. கார்டுகள் எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மேட் செய்யப்பட்டே விற்பனைக்கு வருகின்றன, பி.எஸ்.பி.க்கு அந்த முறை புரியாது, ஃபேட்32 முறை வேண்டும். எனவே சிஸ்டம் செட்டிங்ஸில் உள்ள ஃபார்மேட் மெமரி ஸ்டிக் கட்டளையால் கருவியிலேயே ஃபார்மேட் செய்வது நல்லது. தேவையான அடிப்படைக் கோப்புறைகளையும் அதுவே உருவாக்கித் தரும். ஆனால் ஏற்கெனவே பயன்பாட்டில் உள்ள கார்டு என்றால், ஃபார்மேட் செய்வதற்கு முன் அதில் உள்ள அனைத்தையும் கணினிக்கு நகலெடுத்துக்கொள்ளுங்கள், ஏனெனில் சேமித்த ஆட்டங்கள் மட்டுமல்ல, கஸ்டம் ஃபர்ம்வேரை எழுப்பும் தொடக்க நிரலும் அந்தக் கார்டில்தான் இருக்கும். இரண்டாவது, போலி கார்டுகள். 128 ஜி.பி. என்று அச்சிட்ட கார்டில் உண்மையில் 8 ஜி.பி. மட்டுமே இருக்கக்கூடும், முதல் சில விளையாட்டுகள் நன்றாக ஓடும், பிறகு போட்டவை எல்லாம் பாதியில் உறையும். கார்டு முழுவதும் எழுதி, எழுதியதைப் படித்துச் சரிபார்க்கும் இலவச மென்பொருள்கள் கணினிக்கு உண்டு. புதுக் கார்டு வாங்கியவுடன் அதைச் செய்துவிடுவது பின்னால் வரும் குழப்பங்களில் பாதியைக் குறைத்துவிடும்.

யு.எஸ்.பி. கேபிளால் கணினியுடன் இணைத்து, செட்டிங்ஸில் யு.எஸ்.பி. கனெக்‌ஷனைத் தேர்ந்தெடுத்தால், கார்டு ஒரு டிரைவாகத் திறக்கும். அதன் முதல் நிலையில் பி.எஸ்.பி. என்ற கோப்புறையும், அதற்குள் கேம், சேவ்டேட்டா ஆகிய கோப்புறைகளும் இருக்கும். ஐ.எஸ்.ஓ. என்ற கோப்புறை முதல் நிலையிலேயே, அதாவது பி.எஸ்.பி. கோப்புறைக்கு வெளியே, அதன் பக்கத்தில் இருக்க வேண்டும்; இல்லையென்றால் நீங்களே உருவாக்குங்கள். பெயர்களை ஆங்கிலப் பெரிய எழுத்துகளில் (PSP, GAME, SAVEDATA, ISO) வைத்துக்கொள்ளுங்கள்.

ஹோம்ப்ரூ எனப்படும், ஆர்வலர்கள் எழுதி இலவசமாக வெளியிடும் மென்பொருள்கள் கேம் கோப்புறைக்குள் செல்ல வேண்டும். ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே ஓர் உட்கோப்புறை. அதற்குள் ஈபூட் என்ற பெயரும் பி.பி.பி. என்ற பின்னொட்டும் கொண்ட கோப்பு (EBOOT.PBP). ஈபூட் கோப்பின் பெயரை மாற்றவே கூடாது, ஏனெனில் கருவி தேடுவது அந்தப் பெயரைத்தான். உட்கோப்புறையின் பெயரைப் பெரும்பாலும் விருப்பம்போல் மாற்றலாம் என்றாலும், சில நிரல்கள் தம் படங்களையும் ஒலிகளையும் குறிப்பிட்ட பாதையில் தேடும்படி எழுதப்பட்டிருப்பதால், வந்த பெயரிலேயே விட்டுவிடுவது பாதுகாப்பானது. இங்கேதான் மிகப் பரவலான பிழை நேர்கிறது: ஜிப் கோப்பைக் கணினியில் விரிக்கும்போது, ஒரே பெயரில் கோப்புறைக்குள் கோப்புறையாக இரண்டு அடுக்குகள் உருவாகிவிடுகின்றன, வெளிக் கோப்புறையை அப்படியே இழுத்துப் போட்டால், ஈபூட் கோப்பு ஓர் அடுக்கு ஆழத்தில் புதைந்து, பட்டியலில் அந்த மென்பொருள் வராமலே போகும். நகலெடுப்பதற்கு முன் ஜிப்பைத் திறந்து, ஈபூட் எந்த அடுக்கில் இருக்கிறது என்று பாருங்கள். ஜிப்புடன் வரும் ரீட்மீ கோப்பையும் படியுங்கள். பழைய சாகச விளையாட்டுகளை ஓட்டும் ஸ்கம்வீஎம் போன்றவற்றுக்கு விளையாட்டின் தரவுக் கோப்புகளைத் தனியாகத் தர வேண்டும். அவை இல்லாமல் நிரல் திறக்கும், ஆனால் ஆட எதுவும் இருக்காது. முதல் மாடலான 1000 வரிசையில் 32 எம்.பி. ரேம்தான் உண்டு, 2000 வரிசையிலிருந்து 64 எம்.பி.; இந்தக் கூடுதல் நினைவகத்தை நம்பி எழுதப்பட்ட ஹோம்ப்ரூ பழைய கருவியில் எத்தனை முறை நகலெடுத்தாலும் ஓடாது.

வட்டு விளையாட்டுகளின் கதை வேறு. பி.எஸ்.பி. விளையாட்டுகள் விற்கப்பட்ட சிறு வட்டான யு.எம்.டி.யின் முழு நகலான ஐ.எஸ்.ஓ. கோப்பு, ஐ.எஸ்.ஓ. கோப்புறைக்குள் நேரடியாகச் செல்ல வேண்டும், உட்கோப்புறை வேண்டாம். உங்களிடம் உள்ள வட்டிலிருந்து அந்த நகலை நீங்களே எடுக்க முடியும் என்பது பலருக்குத் தெரிவதில்லை. வட்டை உள்ளே வைத்து, முதன்மைத் திரையில் செலக்ட் பொத்தானை அழுத்தினால் கஸ்டம் ஃபர்ம்வேரின் சிறு பட்டியல் ஒன்று திறக்கும், அதில் யு.எஸ்.பி. டிவைஸ் என்ற வரியை யு.எம்.டி. டிஸ்க் என்று மாற்றி, கணினியுடன் இணைத்தால், வட்டு முழுவதும் ஒரே ஐ.எஸ்.ஓ. கோப்பாகத் தெரியும். அதைக் கணினிக்கு நகலெடுத்த பின், மறக்காமல் அந்த வரியை மெமரி ஸ்டிக் என்று திருப்பி, மறுபடியும் இணைத்து, கோப்பைக் கார்டில் போடுங்கள். அதே வரியில் ஃபிளாஷ் 0 என்பது முதலான தேர்வுகளும் வரும்; அவை கருவியின் உள் நினைவகம். அங்கே ஒரு கோப்பை அழித்தாலும் கருவி எழாமல் போகலாம் என்பதால், ஆர்வத்துக்காகக்கூட அங்கே நுழைய வேண்டாம். இணையத்தில் எவரோ ஏற்றிய நகல்களைவிட இவ்வழியில் எடுத்ததே மேலானது: பதிப்புரிமைச் சிக்கலும் குறைவு, கோப்பு முழுமையானதா என்ற ஐயமும் இல்லை.

சொந்த வட்டிலிருந்து எடுப்பதில் இன்னொரு வசதியும் உண்டு. சேவ்டேட்டா கோப்புறையில் ஒவ்வொரு விளையாட்டின் சேமிப்பும் வட்டின் அடையாள எண்ணை ஒட்டிய பெயரில்தான் இருக்கிறது. வட்டும் நகலும் ஒரே எண்ணைக் கொண்டிருப்பதால், வட்டில் விட்ட இடத்திலிருந்தே நகலில் தொடரலாம். அமெரிக்கப் பதிப்பில் சேமித்ததை ஐரோப்பியப் பதிப்பின் நகல் பொதுவாக ஏற்காததற்கும் இந்த எண்ணே காரணம்.

ஒரு யு.எம்.டி. அதிகபட்சம் 1.8 ஜி.பி. கொள்ளும் என்பதால், ஒரு கோப்புக்கு 4 ஜி.பி. என்ற ஃபேட்32 முறையின் வரம்பு இங்கே குறுக்கே வராது. இடம் போதாதவர்கள் ஐ.எஸ்.ஓ.வைச் சுருக்கி சி.எஸ்.ஓ.வாக மாற்றுவது உண்டு. சுருக்கியதை விரிக்கும் வேலையும் கருவியின் செயலி மேல் விழுவதால், காணொளிக் காட்சிகள் நிறைந்த விளையாட்டுகள் அங்கங்கே திக்கும். பெரிய கார்டு எளிதில் கிடைக்கும்போது இந்தச் சிக்கனம் தேவையற்றது என்பது என் கருத்து. கோப்பின் பெயரில் ஆங்கில எழுத்துகளும் எண்களும் மட்டும் இருக்கட்டும். நகலெடுத்து முடிந்ததும் கணினியில் டிரைவை முறையாக வெளியேற்றி, கருவியில் வட்டப் பொத்தானை அழுத்தி இணைப்பை முடியுங்கள். ஆரஞ்சு விளக்கு மினுக்கும்போது கேபிளை உருவினால், கோப்பு மட்டுமல்ல, கார்டின் அட்டவணையே கெடக்கூடும்.

எல்லாம் சரியாக வைத்தும் ஓடவில்லை என்றால், திரையில் என்ன வருகிறது என்று பாருங்கள். 80020148 என்ற எண்ணுடன் விளையாட்டைத் தொடங்க முடியவில்லை என்று வந்தால், பெரும்பாலும் கஸ்டம் ஃபர்ம்வேர் இப்போது இயங்கவில்லை என்றே பொருள். தொடக்க நிரலை ஓட்டிவிட்டு மறுபடி முயலுங்கள். விளையாட்டு திறந்து கறுப்புத் திரையில் நின்றால், செலக்ட் பட்டியலில் ஐ.எஸ்.ஓ. மோடை, அதாவது ஐ.எஸ்.ஓ. கோப்பைப் படிக்கும் முறையை, இன்ஃபெர்னோவிலிருந்து வேறொன்றுக்கு மாற்றிப் பாருங்கள். வேறு பழைய கருவிகளின் விளையாட்டுகளை ஓட்டும் எமுலேட்டர் வகை ஹோம்ப்ரூ மந்தமாக ஓடினால், அதே பட்டியலில் விளையாட்டுக்கான செயலி வேகத்தை 333 மெகாஹெர்ட்ஸாக உயர்த்தலாம், பேட்டரி விரைவாகத் தீரும் என்ற விலையோடு.

கருவிக்குக் கூடுதல் வசதிகள் தரும் சிறு நிரல்களான பிளக்இன்களை மட்டும் எல்லாம் நிலைபெற்ற பிறகு, ஒவ்வொன்றாகச் சேருங்கள். இவை கார்டின் முதல் நிலையில் செபிளக்இன்ஸ் (seplugins) என்ற கோப்புறைக்குள் செல்பவை. எந்தச் சூழலில் இயங்க வேண்டும் என்பதைப் பொறுத்து, கேம் (game.txt, விளையாட்டுகளுக்கு), வீ.எஸ்.ஹெச். (vsh.txt, முதன்மைத் திரைக்கு), பாப்ஸ் (pops.txt, பிளேஸ்டேஷன் 1 விளையாட்டுகளுக்கு) ஆகிய பெயர்களில் உள்ள உரைக் கோப்புகளில் ஒன்றில் பிளக்இன்னின் பாதையை எழுதி, ஓர் இடைவெளி விட்டு 1 என்று இட வேண்டும். 0 என்று மாற்றினால் அது அணைந்துவிடும். பொருந்தாத பிளக்இன் ஒன்றால் முதன்மைத் திரையே வராமல் போனாலும் கருவி கெட்டுவிட்டது என்று பதற வேண்டாம். கருவியை முழுவதுமாக அணைத்து, கார்டைக் கழற்றி, கார்டு ரீடரின் வழியாகக் கணினியில் அந்த உரைக் கோப்பைத் திறந்து, கடைசியாகச் சேர்த்த வரியின் 1-ஐ 0 ஆக்கிவிட்டுத் திரும்பச் செருகுங்கள்.