செகாவின் கடிதங்களை வாசிக்கும்போது எங்கே தவறுகிறோம்

"நிலா ஒளிர்கிறது என்று சொல்லாதே, உடைந்த கண்ணாடியில் மின்னும் ஒளியைக் காட்டு." எழுதப் பழகுபவர்களுக்கு ரஷ்ய எழுத்தாளர் ஆன்டன் செகாவின் பெயரில் அடிக்கடி சொல்லப்படும் வரி இது. இந்த வடிவில் அவர் எழுதவில்லை. 1886 மே 10 அன்று அண்ணன் அலெக்சாந்தருக்கு எழுதிய கடிதத்தில் இருப்பது வேறு: ஆலை அணையின் மேல் உடைந்த பாட்டில் துண்டு ஒன்று விண்மீன்போல் மின்னியது, நாயோ ஓநாயோ அதன் கரிய நிழல் பந்துபோல் உருண்டோடியது என்று எழுதினால் நிலவிரவு தானாக வந்துவிடும் என்கிறார். யாரோ அதைச் சுருக்கியதில் அணையும் போயிற்று, ஓநாயும் போயிற்று. சூத்திரம் மட்டும் மிஞ்சியது.

அதோடு விஷயம் முடியவில்லை. பத்தாண்டுகள் கழித்து மேடையேறிய 'கடற்பறவை' நாடகத்தில் அதே பாட்டில் துண்டு திரும்ப வருகிறது. இளம் எழுத்தாளன் திரெப்லெவ், புகழ்பெற்ற திரிகோரினைப் பற்றிப் பொருமுகிறான்: அவருக்கு என்ன, உடைந்த பாட்டிலின் கழுத்து அணைமேல் மின்னும், ஆலைச் சக்கரத்தின் நிழல் கறுக்கும், நிலவிரவு தயார். தான் அண்ணனுக்குச் சொல்லித்தந்த உத்தியை, கைபழகிப்போன ஒரு வித்தையாக செகாவே காட்டிவிட்டார். கடிதத்தை மட்டும் வேதவாக்காகப் பிடித்துக்கொள்பவர்களுக்கு இது தெரியாமலே போகிறது. கடிதத்தைப் படித்ததும் அதே காலத்துக் கதையையும் நாடகத்தையும் கையிலெடுக்க வேண்டும் என்று நான் விடாமல் சொல்வது இதனால்தான்.

துப்பாக்கி வரிக்கும் இதே கதி. சுடும் எண்ணம் யாருக்கும் இல்லையென்றால் குண்டு நிரப்பிய துப்பாக்கியை மேடையில் வைக்கக் கூடாது என்று அவர் எழுதியது 1889 நவம்பரில், லாசரெவ்-குருசின்ஸ்கி என்ற இளம் நண்பருக்கு. அந்த நண்பரின் நாடகத்தில் தேவையில்லாத தனிமொழி ஒன்று இருந்தது. அதை எடுத்துவிடச் சொல்லும் இடத்தில் வரும் உவமை அது. யாருக்கு, எதற்காக என்ற இரண்டையும் உதறிவிட்டால் ஒரு நண்பருக்குச் சொன்ன யோசனை உலகத்துக்கே இட்ட கட்டளையாகிவிடுகிறது.

பதிப்பாளர் சுவோரினுக்கு எழுதியவைதான் எல்லாவற்றிலும் செழுமையானவை. கலைஞனின் வேலை கேள்வியைச் சரியாக வைப்பது, விடை சொல்வதல்ல என்று 1888 அக்டோபரில் எழுதியதும் அவருக்கே. ஆனால் சுவோரின் எழுதிய பதில்கள் நமக்குக் கிடைக்கவில்லை. செகாவ் மறைந்ததும் சுவோரின் தன் கடிதங்களைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். பிறகு அவை காணாமல் போயின. ஆகவே ஒரு வாக்குவாதத்தின் ஒரு பாதியைத்தான் வாசிக்கிறோம். செகாவ் சூடாக எழுதும் இடங்களில், எதிரில் இருந்தவர் என்ன சொல்லியிருப்பார் என்று யோசிக்காமல் தாண்டிப் போகக் கூடாது.

தேதியையும் கவனியுங்கள். 1918 வரை ரஷ்யாவில் பழைய நாட்காட்டிதான். 19ஆம் நூற்றாண்டில் அது இன்றைய நாட்காட்டியைவிட 12 நாள் பின்தங்கியது, அடுத்த நூற்றாண்டில் 13. பிரெஞ்சு எழுத்தாளர் ஸோலாவுக்காக வாதாடும் புகழ்பெற்ற கடிதத்தில் 1898 பிப்ரவரி 6 என்றிருக்கிறது. பாரிஸில் ஸோலா மீதான வழக்கு தொடங்கியது புதிய கணக்கில் பிப்ரவரி 7. அப்படியே ஒப்பிட்டால் விசாரணைக்கு முந்தின நாள் எழுதியதுபோல் தோன்றும். உண்மையில் அது பிப்ரவரி 18. நீதிமன்றத்தில் சாட்சிகள் பேசிக்கொண்டிருந்த நாட்களில், பிரான்சிலேயே நீஸ் நகரில் இருந்துகொண்டு எழுதியிருக்கிறார்.

தொகுப்பு முழுமையானது என்று நம்பிவிடுவதும் பிழைதான். தங்கை மரியா 1912 முதல் 1916 வரை ஆறு தொகுதிகள் கொண்டுவந்தார். 1974 முதல் வெளிவந்த 30 தொகுதிச் சோவியத் பெரும்பதிப்பில் கடிதங்களுக்கு மட்டும் 12 தொகுதிகள். 4,400க்கும் அதிகமான கடிதங்கள். அதிலும் கத்தரி பட்டிருக்கிறது. சகலின் தீவிலிருந்து திரும்பும் வழியில், 1890 நவம்பரில், செகாவ் கொழும்பில் இறங்கினார். சொர்க்கம் இருந்த இடம் இலங்கை என்று டிசம்பர் 9 அன்று சுவோரினுக்கு எழுதுகிறார். நூறு வெர்ஸ்ட்டுக்கும் (ஒரு வெர்ஸ்ட் ஒரு கிலோமீட்டருக்குச் சற்று அதிகம்) மேல் ரயிலில் போனது, தென்னஞ்சோலைகள் எல்லாம் வருகின்றன. அடுத்து, நிலவொளியில் தென்னந்தோப்பில் கரிய விழியுடைய ஒரு பெண்ணோடு கூடியதைப் பச்சையாகச் சொல்லும் வரிகள். சோவியத் பதிப்பில் அந்த இடத்தில் முப்புள்ளிதான். அது தெரியாமல் படித்தவர்கள் குறும்பும் கொச்சையும் அறியாத ஒரு சாந்தமூர்த்தியை மனத்தில் வரைந்துகொண்டார்கள்.

கடைசியாக, கடிதத்தில் சொல்வதெல்லாம் மெய் என்று எடுத்துக்கொள்வது. செகாவ் மருத்துவர். இருமலோடு வந்த ரத்தம் காசநோயின் தொடக்கமாக இருந்தால் எப்போதோ மறு உலகம் போயிருப்பேன், இதுதான் என் தர்க்கம் என்று 1888 அக்டோபர் 14 அன்று சுவோரினுக்கு எழுதினார். வேறொருவர் உடம்பில் அதே அறிகுறியைக் கண்டிருந்தால் இப்படிச் சொல்லியிருக்க மாட்டார். இந்த வரியில் எனக்குக் கேட்பது அச்சம்தான். 1897 மார்ச்சில் மாஸ்கோவின் 'எர்மிதாஜ்' உணவகத்தில் சாப்பிட உட்கார்ந்தபோது அவர் வாயிலிருந்து ரத்தம் கொட்டியது. அன்று எதிரே அமர்ந்திருந்தவர் சுவோரின்.