எனிடோன் (AnyTone) 878 கைரேடியோவில் சொந்தப் பின்னணிப் படம்: சேனல் பெயர் மறைந்தது ஏன்?

படம் ஏறிவிட்டது, ஆனால் சேனல் பெயர் கண்ணில் படவே இல்லை. ரேடியோமேல் தவறில்லை, படம்தான் வெளிர். வெள்ளை எழுத்து வெளிர் வானத்தில் கரைந்துபோகும்.

திரை அகலம் 160, உயரம் 128 புள்ளி, அதாவது 5:4. போன் படம் பெரும்பாலும் 4:3. அதை அப்படியே சுருக்கினால் முகம் நசுங்கும். 4000 × 3000 படமென்றால் முதலில் 3750 × 3000 ஆக வெட்டிக்கொண்டு, பிறகு 160 × 128க்குச் சுருக்குங்கள். சுருக்கிய பிறகு லேசாக ஷார்ப்பன் செய்தால் மங்கல் போகும். அடுத்து வெளிச்சத்தைப் பாதியாகக் குறையுங்கள். கிம்ப் என்ற படத்திருத்த மென்பொருளில் 50 சதவீதக் கறுப்பு லேயர் ஒன்றை மேலே போட்டால் போதும். கணினியில் இருட்டாகத் தெரிகிறதே என்று பயப்பட வேண்டாம், ரேடியோவில் சரியாக இருக்கும். நுண்ணிய நிறச்சாயல்கள் இந்தச் சின்னத் திரையில் பட்டை பட்டையாக உடையும். அடர்நிற, எளிய படமே நல்லது.

ஏற்றும் முன் பேட்டரி முழுசாக இருக்கட்டும். சிபிஎஸ் (கணினியிலிருந்து ரேடியோவை அமைக்கும் மென்பொருள்) பதிப்பும் ரேடியோவின் ஃபர்ம்வேரும் (ரேடியோவுக்குள் இயங்கும் மென்பொருள்) பொருந்த வேண்டும். முதலில் சிபிஎஸ்ஸில் ரேடியோவைப் படித்துக் கோட்பிளக்கை, அதாவது சேனல்களும் அமைப்புகளும் அடங்கிய கோப்பை, சேமியுங்கள். பிறகு அதன் டூல் மெனுவில் படத்தை ஏற்றலாம். ரேடியோவை ஆன் செய்ததும் வரும் தொடக்கப் படமும், சேனல் பெயருக்குப் பின்னால் தெரியும் காத்திருப்புப் படமும் வேறு வேறு. மாற்றி ஏற்றிவிட்டுத் தேடுபவர்கள்தான் அதிகம். ஏற்றியும் பழைய படமே வந்தால், டிஸ்ப்ளே அமைப்பில் காத்திருப்புப் பின்னணியைக் கஸ்டம் என்று மாற்றிக் கோட்பிளக்கை மறுபடி எழுதுங்கள். எழுத்து நிறத்தையும் அங்கேயே மாற்றிக்கொள்ளலாம்.