கோர்ட் உத்தரவு வந்தும் ஃபைல் நகரவில்லையா? அவமதிப்பு மனுவுக்கு முன் செய்ய வேண்டியவை

உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அலுவலகத்துக்கு உத்தரவிடக் கேட்கும் மனு) போட்டு ஜெயித்து, மாதக்கணக்கில் காத்திருந்தும் அலுவலகத்தில் ஒன்றும் நடக்கவில்லை என்றால் எல்லோரும் சொல்வது “கன்டெம்ப்ட் போடு”, அதாவது உத்தரவை மீறியதற்காக நீதிமன்ற அவமதிப்பு மனு. போடலாம். அதற்கு முன் கொஞ்சம் வேலை இருக்கிறது.

முதலில் உத்தரவின் கடைசிப் பத்தியைப் படியுங்கள். “பாக்கியை வழங்க வேண்டும்” என்பதும் “மனுவைப் பரிசீலித்து எட்டு வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்” என்பதும் ஒன்றல்ல. இரண்டாவதில் அதிகாரி காரணம் எழுதி நிராகரித்துவிட்டாலே சொன்னதைச் செய்ததாகிவிடும். அந்த நிராகரிப்பு தப்பு என்றால் புதிதாக ரிட் போட வேண்டுமே தவிர, அவமதிப்பு மனு நிற்காது. ஸ்வீட் கொடுத்து முடித்த பிறகு பலருக்கு இது தெரியவருகிறது, பாவம்.

அப்புறம் தேதி. பெரும்பாலும் கெடு ஓடத் தொடங்குவது தீர்ப்பு நாளிலிருந்து அல்ல, “உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து”. அதனால் சான்றிட்ட நகல் வாங்கி, முகப்புக் கடிதம் வைத்து, தபால் பிரிவில் நேரில் கொடுத்து, உங்கள் பிரதியில் தேதியோடு சீல் வாங்கிவிடுங்கள். சீல் மங்கலாக விழுந்தால் கூச்சப்படாமல் இன்னொரு முறை குத்தச் சொல்லுங்கள், வழக்கே அந்தத் தேதியில்தான் நிற்கப் போகிறது. ஜூன் 3 அன்று கொடுத்தால் எட்டு வாரம் ஜூலை 29 அன்று முடியும்.

கெடு தாண்டியதும் வக்கீல் நோட்டீஸ் அனுப்புங்கள். சட்டம் கட்டாயமாகக் கேட்பதில்லை, ஆனால் “தெரியாது” என்று பிறகு சொல்ல முடியாமல் போகும். கால நீட்டிப்பு கேட்டிருக்கிறார்களா, மேல்முறையீட்டில் தடை வாங்கியிருக்கிறார்களா என்றும் பாருங்கள். தடை இல்லாத வெறும் மேல்முறையீடு சாக்காகாது.

சரி, இப்போது மனு. இப்போது அந்தப் பதவியில் யார் இருக்கிறார் என்று விசாரித்து அவர் பெயரையும் போட வேண்டும், ஏனென்றால் தண்டனை ஆளுக்குத்தான், நாற்காலிக்கு அல்ல. 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவு ஒரு வருடம்தான் தருகிறது. நினைவூட்டல் கடிதமாக எழுதிக்கொண்டே அதைத் தொலைத்துவிடாதீர்கள். தாமதம் மட்டும் போதாது, வேண்டுமென்றே மீறியதாகக் காட்ட வேண்டும், அதற்குத்தான் இத்தனை சீலும் நோட்டீஸும். (சிவில் கோர்ட் டிக்ரி என்றால் வழி வேறு, அங்கே நிறைவேற்று மனு.)

தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்புக் கேட்டால் விட்டுவிடவும் வழி உண்டு. நடைமுறையில் விசாரணைக்கு முந்தின நாள் அவசர அவசரமாக ஒரு உத்தரவு உங்கள் கைக்கு வரும். “நிறைவேற்றியாச்சு” என்று அதிகாரி தரப்பு நீதிபதியிடம் சொல்வதற்குள், தொகையையும் தேதியையும் அந்தக் கடைசிப் பத்தியோடு ஒப்பிட்டுப் பார்த்து, குறை இருந்தால் உங்கள் வக்கீலிடம் அன்றே சொல்லிவிடுங்கள்.