மீன் தட்டில், மசாலா தோசைக்கல்லில்

வஞ்சிரம் விற்கிற விலைக்கு, மசாலா முழுக்கக் கல்லோடு போய் வெளுத்த மீன் மட்டும் தட்டுக்கு வந்தால் வயிறு எரியும். எனக்குப் பல ஞாயிற்றுக்கிழமை எரிந்திருக்கிறது. தூளை மாற்றிப் பார்த்தேன், கல்லை மாற்றிப் பார்த்தேன், கடைசியில் குற்றவாளி தண்ணீர்.

கழுவிய மீனை ஈரத்தோடு மசாலாவில் புரட்டாதீர்கள். வடிதட்டில் பத்து நிமிடம் வைத்து, அப்புறம் துணியால் இரண்டு பக்கமும் நன்றாக ஒற்றி எடுக்க வேண்டும். ஃப்ரீசரிலிருந்து வரும் பாசா மாதிரியான முள்ளில்லாத துண்டுகள் இன்னும் மோசம், உருக உருகத் தண்ணீர் விடும். முதல் நாள் ராத்திரியே ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்து முழுக்க உருகவிட்டு, ஒற்றிவிட்டுத்தான் மசாலா தடவ வேண்டும்.

மசாலாவைத் தண்ணீர் ஊற்றிக் கரைப்பதும் அதே தப்புதான். அரை கிலோ மீனுக்கு மிளகாய்த்தூள் 2 டீஸ்பூன், மஞ்சள்தூள், உப்பு, இஞ்சி பூண்டு விழுது, பிடிமானத்துக்கு 2 டீஸ்பூன் அரிசி மாவு. இதைப் பிசைய அரை மூடி எலுமிச்சைச் சாறும் ஒரு ஸ்பூன் எண்ணெயும் போதும். விரலில் எடுத்தால் சொட்டக் கூடாது. பூண்டு நைசாக அரைபட்டிருக்கட்டும், திப்பிதான் முதலில் கருகிக் கசக்கும்.

சிக்கனுக்குச் செய்கிற மாதிரி ராத்திரி முழுக்க ஊறவைக்கிறவர்கள் உண்டு. வேண்டாம். எலுமிச்சையின் புளிப்பு மீனின் புரதத்தை அடுப்பில்லாமலே இறுக்கிவிடும், ஓரமெல்லாம் வெளுத்துப்போகும், வறுத்தால் சக்கை. அரை மணி நேரம் போதும். அதற்குள் உப்பு இழுத்துத் தட்டின் அடியில் நிற்கிற தண்ணீரைக் கல்லில் கவிழ்த்துவிடாதீர்கள்.

கல் நன்றாகக் காய்ந்திருக்கிறதா என்று பார்க்க எண்ணெயில் ஒரு கறிவேப்பிலை போடுங்கள், சடசடவென்று பொரிந்தால் சரி. மீனை வைத்ததும் தீயை மிதமாக்கிவிட்டு மூன்று நான்கு நிமிடம் கையைக் கட்டிக்கொண்டு நில்லுங்கள். இதுதான் கஷ்டம். திருப்பியை அடியில் நுழைக்கும்போது பிடித்துக்கொண்டால் இன்னும் மொறுமொறுப்பாகவில்லை என்று அர்த்தம், விட்டுவிடுங்கள், ஆனதும் தானே விடும். நான்கு துண்டு வைக்கிற இடத்தில் ஏழு துண்டைத் திணித்தாலோ மூடி போட்டாலோ ஆவியில் வெந்து மசாலா உரிந்து வரும். நடுமுள்ளை ஒட்டிய சதை கண்ணாடி மாதிரி தெரியாமல் வெள்ளையாகியிருந்தால் இறக்கலாம்.

அப்படியும் கொஞ்சம் மசாலா கல்லில் மிஞ்சும். அதைக் கழுவக் கொடுத்துவிடாதீர்கள், ஒரு கை சோற்றைப் போட்டுப் பிரட்டி, யாரும் வருவதற்குள் சாப்பிட்டுவிடுங்கள்.