வீட்டுப் பொருட்களிலிருந்து இசை: தவிர்க்க வேண்டிய தவறுகள்

அன்றாடப் பொருட்களின் ஒலியைக் கொண்டு இசை அமைக்கத் தொடங்குபவர்கள் செய்யும் முதல் தவறு, கைக்குக் கிடைத்ததையெல்லாம் பதிவு செய்து குவிப்பதுதான். சாவிக்கொத்து, குழாய்த் தண்ணீர், சைக்கிள் மணி என ஒவ்வொன்றிலும் ஒரே ஓர் ஒலியை எடுத்துக்கொண்டு அடுத்ததற்குத் தாவினால், கேட்பவர் காதில் பொருட்களின் பட்டியல் விழுமே தவிர இசை விழாது. பிரெஞ்சு இசையமைப்பாளர் பியேர் ஆன்ரி 1963-இல் ஒரு கதவின் கிறீச்சொலியையும் ஒரு பெருமூச்சையும் முதன்மையாகக் கொண்டே நீண்ட படைப்பொன்றை அமைத்தார். ஓர் எவர்சில்வர் தட்டை எடுத்துக்கொள்ளுங்கள்: விளிம்பில் தட்டும்போது ஒன்று, நடுவில் தட்டும்போது இன்னொன்று, கயிற்றில் தொங்கவிட்டால் நீளும் ரீங்காரம் வேறொன்று, சிறிது நீர் ஊற்றிச் சாய்த்தபடி தட்டினால் சுருதியே குழைந்து அசையும். இத்தனையும் கேட்டு முடிக்காமல் அடுத்த பொருளுக்குப் போவது வீண்.

பதிவில் நேரும் பிழைகளைப் பின்னால் சரிசெய்வது கடினம். செல்பேசியின் இரைச்சல் குறைப்பு வசதி பேச்சுக்காக அமைந்தது. மின்விசிறியின் சீரான முனகலை அது இரைச்சல் என்று கருதி அழித்துவிடும். ஆகவே அந்த வசதியை அணைத்துவிட்டு, உச்ச ஒலி பதிவுமானியில் (அதில் 0 தான் மேல் வரம்பு) -12 டெசிபல் அளவில் நிற்குமாறு பதிவு செய்வது நல்லது. பொருளின் மேல் ஒட்டி அதன் அதிர்வையே பிடிக்கும் பீசோ மைக்கை, ஒலிகளைக் கலக்கும் மிக்சர் கருவியின் சாதாரண மைக் இன்புட்டில் நேராகச் செருகுவதும் பரவலான தவறு. பீசோ மைக்குக்கு ஏறத்தாழ 1 மெகாஓம் உள்ளீட்டு மின்மறுப்பு (இன்புட் மின்னோட்டத்துக்குக் காட்டும் தடை) வேண்டும். கிட்டார் செருகும் இன்புட் பொருந்தும். இல்லையேல் கீழ்ஸ்தாயி முழுவதும் போய், ஒலி மெலிந்துவிடும்.

சாதாரணமாகப் பதிவான ஒலியை எதிரொலியில் மூழ்கடித்து மறைப்பதை நான் கொஞ்சமும் ஏற்பதில்லை. பதிவான ஒலிகளைக் கொண்டு இசை அமைத்த பியேர் ஷேஃபர் பாரிஸ் வானொலியில் 1948-இல் கண்டது இதைவிட எளிமையானது: மணியோசையின் தொடக்கத் தட்டலை மட்டும் நீக்கினால், எஞ்சும் ரீங்காரத்தை மணி என்று காது அடையாளம் காண்பதில்லை. பொருள் எதுவென்று உடனே தெரிய வேண்டாமெனில், முதலில் வெட்டிப் பார்க்க வேண்டிய இடம் அந்தத் தொடக்கம்தான்.

வேகத்தைக் குறைத்துச் சுருதியை இறக்குவதாக இருந்தால், பதிவின்போதே அதற்கு இடம் விட வேண்டும். மாதிரி வீதம் என்பது நொடிக்கு எத்தனை முறை ஒலி அளக்கப்படுகிறது என்பது; அதில் பாதி அதிர்வெண் வரைதான் பதிவாகும். 44.1 கிலோஹெர்ட்ஸ் மாதிரி வீதத்தில் பதிந்ததை நான்கு மடங்கு மெதுவாக்கினால் சுமார் 5.5 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் எதுவுமே இராது. 96-இல் பதிந்தால், மைக் உயர் அதிர்வெண்களைப் பிடிக்கக்கூடியதாக இருக்கும்பட்சத்தில், 12 வரை கிடைக்கும்.