ஸ்பிரிங்க்ளர் ஸ்க்ரூவில் கை வைக்கும் முன்

புல்தரையில் ஒரு மூலை காய்ந்துவிட்டால், பலரும் ஸ்க்ரூடிரைவரை எடுத்துக்கொண்டு நேராக ஸ்பிரிங்க்ளரிடம் போய்விடுகிறார்கள். மோட்டாரைப் போட்டு, அது ஒரு சுற்று ஓடுவதை நின்று பார்ப்பதில்லை. முதல் தவறே இதுதான். நாசிலில், அதாவது தண்ணீரைப் பீய்ச்சும் சிறு முனையில் சிக்கிய மணல், அடைத்துப்போன பில்டர், வளர்ந்து தண்ணீரை மறிக்கும் செம்பருத்தி என எது வேண்டுமானாலும் காரணமாக இருக்கலாம். போர்வெல் தண்ணீர் என்றால் பில்டரைக் கழுவிவிட்டு அப்புறம் மற்றதைப் பாருங்கள்.

தண்ணீர் வந்ததும் மண்ணிலிருந்து எழும்பி மெதுவாகச் சுழலும் ரோட்டார் வகையைத்தான் இங்கே சொல்கிறேன். இதில் அதிகம் பாடுபடுவது தூரத்தைக் குறைக்கும் ஸ்க்ரூ. தண்ணீர் காம்பவுண்டு சுவரில் அடிக்கிறதா, இறுக்கு. இன்னும் அடிக்கிறதா, இன்னும் இறுக்கு! ஆனால் அது தண்ணீரின் அளவைக் குறைப்பதில்லை. நாசிலின் வாயில் இறங்கி நின்று தாரையை உடைக்கிறது, அவ்வளவுதான். பெரும்பாலான ரோட்டார்களில் தூரத்தை 25 சதவீதம் வரைதான் இப்படிக் குறைக்கலாம். 12 மீட்டர் போகும் தண்ணீரை 9 மீட்டருக்குக் கொண்டுவரலாம். 6 மீட்டர் போதும் என்றால் நாசிலையே மாற்ற வேண்டும். அதற்கு மேலும் இறுக்கினால் கொஞ்சம் தண்ணீர் காற்றோடு போகும், மீதி காலடியிலேயே தேங்கும். அதேபோல, தூரம் கூட வேண்டும் என்று ஸ்க்ரூவை முழுவதுமாகக் கழற்றிவிடவும் கூடாது. பல மாடல்களில் நாசிலைப் பிடித்து வைத்திருப்பதே அந்த ஸ்க்ரூதான். மோட்டாரைப் போட்டதும் நாசில் பறந்துவிடும், அப்புறம் புல்லுக்குள் தேட வேண்டியதுதான்.

அடுத்த குழப்பம், ஸ்பிரிங்க்ளர் சுழலும்போது எங்கே தொடங்கி எங்கே திரும்புவது என்பது. அந்தச் சுழற்சியின் இரண்டு ஓரத்தையும் ஸ்க்ரூவால் நகர்த்தலாம் என்று நினைக்கிறோம். பெரும்பாலும் ஒரு ஓரம் நிலையானது, மற்றதுதான் நகரும். ஸ்பிரிங்க்ளர் தலைக்குப் பின்னால் நின்று, தண்ணீர் போகும் திசையைப் பார்த்துச் சொன்னால், ரெயின் பேர்ட் கம்பெனியின் 5000 வகை ரோட்டாரில் இடது ஓரம் நிலையானது. ஹன்டர் கம்பெனியின் பிஜிபி ரோட்டாரில் வலது ஓரம். முதலில் அந்த நிலையான ஓரத்தைச் சுவர் அல்லது நடைபாதையின் விளிம்புக்கு நேராக வையுங்கள். அதற்குத் தலையை மொத்தமாகத் திருப்ப வேண்டும். பிறகுதான் மறு ஓரம். கையால் சுழற்றும்போது ஓரம் வந்து நின்றுவிட்டால் அதற்கு மேல் பலம் காட்டாதீர்கள், உள்ளே இருக்கும் பல்சக்கரம் போய்விடும்.

தண்ணீர் பக்கத்து ஸ்பிரிங்க்ளரின் காலடி வரை போவதைப் பார்த்து, வீண் என்று நினைத்துக் குறைப்பவர்கள் உண்டு. அது வீண் இல்லை. ஒரு தலைமட்டும் எல்லா இடத்திலும் சமமாகத் தெளிக்காது. அடுத்ததன் தண்ணீர் மேலே விழுந்தால்தான் புல்லுக்குச் சரியாகக் கிடைக்கும்.

எல்லாத் தலைக்கும் ஒரே நாசிலைப் போடுவதும் பெரிய தவறு. மூலையில் கால்வட்டம் சுற்றுவதும் நடுவில் முழுவட்டம் சுற்றுவதும் ஒரே நாசிலோடு ஒரே நேரம் ஓடினால், மூலைக்கு நான்கு மடங்கு தண்ணீர் விழும். மூலை சகதி, நடு வறட்சி. கால், அரை, முழுவட்டம் மூன்றுக்கும் நாசிலின் தண்ணீர் அளவு 1, 2, 4 என்ற கணக்கில் இருந்தால் சரியாகும்.

சாய்ந்து நிற்கும் தலையை எந்த ஸ்க்ரூவும் சரிசெய்யாது. பக்கத்து மண்ணைத் தோண்டி நிமிர்த்துங்கள். மற்ற வால்வுகளை மூடிவிட்டு ஒன்றைமட்டும் ஓடவிட்டும் சரிசெய்யாதீர்கள். எல்லாம் சேர்ந்து ஓடும்போது பிரஷர் இறங்கும், நீங்கள் வைத்த தூரம் மாறிவிடும்.

எல்லாம் முடிந்ததும் ஒரே அளவுள்ள டப்பாக்களைப் புல்தரையில் ஆங்காங்கே வைத்து, கால்மணி நேரம் ஓடவிட்டு, தேங்கிய தண்ணீரை ஸ்கேலால் அளந்து பாருங்கள். குறைவாக இருக்கும் டப்பாவுக்கு அருகில் உள்ள தலைதான் அடுத்து கவனிக்க வேண்டியது.